நாலாம் காம்பரா

அந்தத் திரைச்சீலையை நான்தான் தைத்தேன். நீங்கள் வந்து உட்கார்ந்ததிலிருந்து அதையே பார்த்துக்கொண்டிருக்கிறீர்கள், அதனால் சொல்கிறேன். வாத்துப் படம் போட்ட அந்தத் துணி ரம்புக்கனையில் ஒரே ஒரு கடையில்தான் கிடைத்தது. தோட்டத்துப் பிள்ளைக் காம்பரா என்றாலே மூத்திர வாடையும் ஈயும் என்றுதான் வெளியாட்கள் நினைப்பார்கள். தாய்மார் றப்பர் பால் வெட்டப் போகும்போது கைக்குழந்தைகளை விட்டுவிட்டுப் போகிற இடம் வேறு எப்படி இருக்கும் என்று கேட்பார்கள். இப்படி இருக்கும், பாருங்கள். தரையில் சோற்றைப் போட்டுச் சாப்பிடலாம். பிள்ளைகள் குறைந்துவிட்டதால் சத்தமும் கிடையாது, நாம் நிம்மதியாகப் பேசலாம். தேத்தண்ணியைக் குடியுங்கள் ஐயா, ஆறிவிடும்.

முறைப்பாடு கொடுத்தவளின் பெயரைக் கோகிலா என்று எழுதிக்கொண்டு வந்திருக்கிறீர்கள். எனக்கு அவள் ஆத்து லயத்து நாலாம் காம்பரா. லயம் என்றால் ஒட்டிக் கட்டிய காம்பரா வரிசை, காம்பராவுக்கு ஒரு குடும்பம், அதனால் தோட்டத்தில் அப்படித்தான் பேச்சு. லயத்தின் பெயரையும் காம்பரா நம்பரையும் சொன்னால் ஆள் தெரிந்துவிடும். எனக்கு மூன்று தோட்டங்கள், எத்தனை லயங்கள், எத்தனை வயிறுகள். ஒவ்வொருத்தியின் பெயரையும் மூஞ்சியையும் மனதில் வைத்துக்கொண்டிருந்தால் வேலை நடக்குமா, சொல்லுங்கள். மருந்து வாங்க வருகிறவளின் நகத்தைப் பார்ப்பேன், கீழ் இமையை இழுத்துப் பார்ப்பேன். ரத்தம் இருக்கிறதா இல்லையா என்று அதிலேயே தெரிந்துவிடும். அதற்கு மேலே பார்க்க எனக்கு நேரமும் இல்லை, அவசியமும் இல்லை.

என் பெயர் சுஜீதா. இந்த மினிகந்த தோட்டத்துக்கும் பக்கத்து இரண்டு தோட்டங்களுக்கும் மிட்வைஃப். எல்லோருக்கும் மிஸ்ஸி. அப்பா ரம்புக்கனை பசாரில் பலசரக்குக் கடை வைத்திருந்தார். பள்ளிக்கூடம் விட்டு வந்தால் எனக்கு வேலை அரிசியில் கல் பொறுக்குவது. சுளகை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேனென்றால் ஒரு கல் தப்பாது. கண்ணும் கையும் அப்படிப் பழகிவிட்டன. அரிசியில் கல் பொறுக்குகிறவளை ஈவிரக்கம் இல்லாதவள் என்று யாரும் சொன்னதில்லை. கெட்டிக்காரப் பிள்ளை என்றுதான் சொன்னார்கள்.

இந்தக் காரியம் எனக்கு எங்கிருந்து தோன்றியது என்று கேட்டீர்கள். மறைக்க ஒன்றுமில்லை. மருத்துவ அறநெறிப் பயிற்சியில்தான் தோன்றியது. அதோ அந்தச் சுவரில் சான்றிதழைக் கண்ணாடி போட்டு மாட்டியிருக்கிறேன்.

கொழும்பில் ஒரு பெரிய ஹோட்டலில் நடந்தது. எங்கள் தோட்டத்திலிருந்து நானும் மருந்தகத்து தாஸிம் ஐயாவும் போனோம். ஒரு பேராசிரியர் வந்து படம் காட்டினார். நூறு வருடங்களுக்கு முன்னே அமெரிக்காவில், மாட்டுக்கும் பன்றிக்கும் பரிசு கொடுக்கிற சந்தைத் திருவிழாவிலேயே குழந்தைகளுக்கும் போட்டி வைத்தார்களாம். தலையை அளந்து, நெஞ்சை அளந்து, புள்ளி போட்டு, பதக்கம் குத்தி அனுப்பினார்களாம். அதற்குப் பிறகு யார் பிள்ளை பெறலாம், யார் பெறக் கூடாது என்று சட்டமே கொண்டுவந்தார்களாம். வலிப்புக்காரர்கள், புத்தி மந்தமானவர்கள், கேட்க நாதியற்ற ஏழைப் பெண்கள், எல்லோரையும் கொண்டுபோய் ஒபரேஷன் செய்தார்களாம். ஜெர்மன்காரர்கள் அதைப் பார்த்துப் படித்துக் கடைசியில் கொலையில் கொண்டுபோய் முடித்தார்களாம். நல்ல பேர் வாங்கிய சுவீடன்கூட எழுபதுகள் வரைக்கும் அதை விடவில்லையாம். இனமேம்பாட்டியல் என்று அதற்குத் தமிழில் பெயர் சொன்னார்.

தாஸிம் ஐயா பக்கத்தில் உட்கார்ந்து கண்ணாடியைக் கழற்றிக் கழற்றித் துடைத்துக்கொண்டிருந்தார். மத்தியானம் அவரால் சாப்பிட முடியவில்லை. நான் சாப்பிட்டேன். இரண்டு வகை ஐஸ்கிரீம் வைத்திருந்தார்கள், சும்மா சொல்லக்கூடாது, இரண்டும் நன்றாக இருந்தன.

சாப்பாட்டுக்குப் பிறகு இந்தச் சரித்திரத்திலிருந்து நாம் என்ன படிக்கிறோம் என்று பேராசிரியர் கேட்டார். நோயாளியின் சம்மதம் என்று ஆளாளுக்குச் சொன்னார்கள். நானும் அப்படியே எழுதிக் கொடுத்தேன். ஆனால் எனக்குள் நான் படித்தது வேறு. அந்த வெள்ளைக்காரர்கள் சட்டம் போட்டார்கள். சட்டம் போட்டால் எதிர்த்துப் பேச நாலு பேர் வருவார்கள். மேடை போட்டுக் கத்தினார்கள். கத்தினால் ஊருக்குத் தெரியும். எல்லாவற்றுக்கும் மேலாக, இனம் பார்த்தார்கள். அது பெரிய பாவம். நான் ஒருநாளும் இனம் பார்த்ததில்லை ஐயா. இங்கே எல்லோரும் நம்முடைய ஆட்கள்தானே. நம்முடைய ஆட்களுக்குள் கொஞ்சம் சுத்தம் செய்வதை இனவாதம் என்று எப்படிச் சொல்லமுடியும்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் தாஸிம் ஐயாவிடம் சொன்னேன், அந்தப் பிள்ளைப் போட்டியை மட்டும் எடுத்து நாம் இங்கே நடத்தலாம், தாய்மாருக்கு ஒரு உற்சாகமாக இருக்கும் என்று. "மிஸ்ஸி, அந்த மனுஷன் அதை நடத்தச் சொல்லியா படம் காட்டுனாரு" என்று கேட்டார். அவர் அப்படித்தான், நல்ல மனிதர், ஆனால் எதையும் முன்னெடுத்துச் செய்ய மாட்டார். அடுத்த வருடம் ஓய்வு பெற்று மாவனெல்லைப் பக்கம் போய்விட்டார்.

போட்டியை இந்தப் பிள்ளைக் காம்பராவிலேயே நடத்தினேன். தோட்டத்தை நடத்துகிற துரையும் துரையம்மாவும் வந்து பரிசு கொடுத்தார்கள். எடை, உயரம், தலைச் சுற்றளவு, பல் வரிசை, கூப்பிட்டால் திரும்பிப் பார்க்கிறதா, இப்படி ஒவ்வொன்றுக்கும் புள்ளி. முதல் பரிசு பால்மா டப்பா. ஆறுதல் பரிசு குளிக்கிற சவர்க்காரம். அந்தச் சவர்க்காரம் கொடுக்கும்போதே தாய்மாருக்கு விளங்கியிருக்க வேண்டும், ஆனால் அவர்கள் சிரித்துக்கொண்டே வாங்கிப் போனார்கள்.

பிள்ளைக்குப் போட்ட புள்ளியோடு குடும்பத்துக்கும் ஒரு புள்ளி போட்டேன். அதை நான் யாரிடமும் காட்டவில்லை. குடிகாரன் இருக்கும் குடும்பம், இழுப்பு, திக்குவாய், பள்ளிக்கூடத்தில் பாதியில் நிற்கிற பிள்ளைகள், எதற்கெடுத்தாலும் சண்டை பிடிக்கிறவர்கள். சீனி வருத்தம் என்கிற நீரிழிவை மட்டும் நான் சேர்க்கவில்லை. எங்கள் வீட்டில் அப்பாவுக்கும் இருந்தது, எனக்கும் இருக்கிறது, என் மகனுக்கும் இப்போதே தொடங்கிவிட்டது. ஆனால் அது பரம்பரை என்று சொல்வது சரியில்லை. கொஞ்சம் வசதியாகச் சாப்பிடுகிற குடும்பங்களில் அது வருவது வழக்கம்.

குடும்பங்களைப் பற்றி எனக்குச் சொல்வது இங்கே வேலை செய்கிற ஆயா சின்னம்மா. நான் லயத்துக்கு இறங்கிப் போவதில்லை. வழுக்கல், அட்டை, போதாததற்கு நாய்கள். வேண்டியவர்களை இங்கே கூப்பிட்டுவிடுவேன். சின்னம்மா தொட்டிலை ஆட்டிக்கொண்டே எல்லாக் கதையும் சொல்வாள். ஆத்து லயத்து நாலாம் காம்பராவில் ஏழுமலை என்று ஒரு வலிப்புக்காரன் இருக்கிறான், நுரை தள்ளி விழுகிறான், ஏற்கனவே இரண்டு பிள்ளைகள் என்று அவள்தான் சொன்னாள். மரம் வெட்டும்போது கிளை விழுந்து மண்டையில் அடிபட்ட பிறகுதான் அவனுக்கு வலிப்பு வந்தது என்றும் ஏதோ சொன்னாள். ஆட்கள் எதற்கும் ஒரு காரணம் வைத்திருப்பார்கள். நான் நாலாம் காம்பராவை மனதில் குறித்துக்கொண்டேன்.

எப்படிச் செய்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஐயா நினைக்கிற மாதிரி கத்தியைத் தொட்டதே இல்லை நான். தோட்டத்துப் பெண் ஒருத்தி பிரசவத்துக்கு ஆஸ்பத்திரிக்குப் போனால் கூடப் போகிறவள் நான்தான். அது இங்கே வழக்கம். அவளுடைய அட்டையை எழுதுவது நான், டொக்டர் கேட்பதற்குப் பதில் சொல்வது நான், கையெழுத்து வைக்கிற இடத்தைக் காட்டுவதும் நான். டொக்டர்மார் வருவார்கள், மாறிப் போவார்கள். எனக்கு அவர்கள் கொடுக்கிற மரியாதை தனி. வயிற்றைக் கிழித்துப் பிள்ளையை எடுத்தால், தைத்து மூடுவதற்கு முன்னே கேட்பார்கள், இத்தோடு நிறுத்திவிடவா என்று. ஆமாம் என்று ஒருவர் சொல்ல வேண்டும். அவ்வளவுதான் என் பங்கு. ஒரு சொல்.

சிங்களத்தில் கேட்டால் இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு விளங்கிவிடும். ஆத்து லயத்துப் பிள்ளைகள் என்னைவிட நன்றாகச் சிங்களம் பேசுவார்கள். அதனால் நான் டொக்டரிடம் எல்.ஆர்.டி. என்று மூன்று எழுத்துதான் சொல்வேன். குழாயைக் கட்டி வெட்டுவதற்கு ஆஸ்பத்திரியில் அப்படித்தான் பெயர். சிங்களமும் இல்லை, தமிழும் இல்லை. யார் மனமும் நோகாது.

இந்த விஷயம் நடந்த வருடம் வைகாசி மழை மோசமாக இருந்தது. மலைச்சரிவு அபாயம் என்று அதிகாரிகள் வந்து லயத்துச் சுவரில் சிவப்புப் பெயின்ட் அடித்துவிட்டுப் போனார்கள். றப்பர் மரத்தில் கட்டிய சிரட்டையில் எல்லாம் மழைத் தண்ணீர்தான், பால் வெட்டு நின்றுபோயிருந்தது. அப்படி ஒரு காலைநேரத்தில் நாலாம் காம்பராவிலிருந்து சதீஸ் என்பவன் ஓடிவந்தான், பெண்சாதிக்கு வலி கண்டுவிட்டது என்று. தோட்டத்து லொறியில் ஏற்றிக்கொண்டு போனோம். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டே வந்தாள். நகத்தில் பால்கறை, நல்ல சிவந்த நகம், ரத்தம் குறைவில்லை என்று நினைத்துக்கொண்டேன்.

பிள்ளையின் இதயத் துடிப்பு குறைகிறது என்று அவசரமாக ஒபரேஷனுக்கு எடுத்தார்கள். இடுப்புக்குக் கீழே மரத்துப்போக ஊசி போட்டிருந்தார்கள், அவளுக்கு நினைவு இருந்தது. ஆண் பிள்ளை. உடனே அழுதது. டொக்டர் இளம் ஆள், ராத்திரி முழுக்க நின்றவர், கண் சிவந்திருந்தது. உயிரோடு எத்தனை பிள்ளைகள் என்று என்னிடம் கேட்டார். இதோடு மூன்று என்றேன். நாலாம் காம்பராவில் இரண்டு இருக்கிறது என்று எனக்குத் தெரியுமே. அவளிடம் கேட்டு எழுதுவது என் வழக்கமில்லை, தெரிந்ததைத்தான் எழுதுவேன். எல்.ஆர்.டி. விருப்பமா என்று கேட்டார். நான் அவள் காதருகே குனிந்து, "தையல் போடப் போறாங்க, சரியா?" என்றேன். "சரிங்க மிஸ்ஸி" என்றாள். பிறகு என் கையைப் பிடித்து, "நீங்க இருக்கிறதாலதான் பயமில்லாம இருக்கேன்" என்றாள்.

டொக்டரிடம் நான் தலையை ஆட்டினேன்.

ஐயா, பொய் என்று ஒன்றை நீங்கள் இதில் காட்ட முடியுமா. தையல் போடத்தானே போனார்கள்.

அடுத்த வருடப் போட்டிக்கு அந்தப் பிள்ளை வந்தது. எடை, உயரம், பல் எல்லாவற்றிலும் முதல். கூப்பிடுவதற்கு முன்பே திரும்பிப் பார்த்துச் சிரித்தது. எனக்குக் கொஞ்சம் குழப்பமாகத்தான் இருந்தது. நாலாம் காம்பரா என்று பெயர் கொடுத்திருந்த பிள்ளை இவ்வளவு நன்றாக இருக்கக் கூடாது. வலிப்பு இன்னும் வெளியே வராமல் உள்ளுக்குள் இருக்கும் என்று புள்ளியைக் குறைத்து மூன்றாம் இடம் கொடுத்தேன். சவர்க்காரம். அந்த வருடக் கடைசியில் டெங்கு வந்து பிள்ளை இறந்துபோனது. எனக்கும் கண்ணீர் வந்தது. குழந்தைகள் என்றால் எனக்கு உயிர்.

அதற்குப் பிறகு அந்தப் பிள்ளையின் தாய் மாதாமாதம் இங்கே வரத் தொடங்கினாள். வரிசையில் நின்று, தலையில் துண்டைக் கட்டியபடி, கையை மட்டும் நீட்டுவாள். "மிஸ்ஸி, இன்னும் தங்கலைங்க" என்பாள். நான் போலிக் அசிட் மாத்திரை கொடுப்பேன். திரிபோஷா சத்து மாவும் கொடுப்பேன், கர்ப்பிணிகளுக்கு வருவதில் மிச்சமிருந்தால். மனதைத் தளரவிடாதே, கோயிலுக்கு நேர்ந்துகொள் என்பேன். நேர்ந்துகொண்டாள். விளக்குப் போட்டாள், விரதம் இருந்தாள், ஈரச் சேலையோடு கோயிலைச் சுற்றினாள். அவளுடைய மாமியார் மகனுக்கு வேறு பெண் பார்க்கத் தொடங்கிவிட்டாள் என்று சின்னம்மா சொன்னாள். அந்தச் சதீஸ் ஒத்துக்கொள்ளவில்லையாம். பிள்ளை இல்லாவிட்டால் போகட்டும், இவள்தான் எனக்கு என்று தாயோடு பேச்சை நிறுத்திவிட்டானாம். வலிப்புக்காரனுக்கு இவ்வளவு நல்ல குணம் எங்கிருந்து வந்தது என்று நான் யோசித்தேன். பாருங்கள், அப்போதும் எனக்கு அவன்தான் வலிப்புக்காரன், ஏழுமலையும் சதீஸும் இரண்டு ஆட்கள் என்று மூளையில் ஏறவில்லை. இரண்டு பெயரும் ஒரே காம்பராவுக்குத்தானே வந்தன.

ஏன் அவளுக்கு மாத்திரை கொடுத்தேன் என்று கேட்கிறீர்கள். மாத்திரை உடம்புக்கு நல்லது. நம்பிக்கையும் உடம்புக்கு நல்லது. இரண்டையும் இலவசமாகக் கொடுத்தேன்.

போன தை மாதம் சதீஸ் அவளை ரம்புக்கனையில் ரயிலேற்றிக் கண்டிக்குக் கூட்டிக்கொண்டு போயிருக்கிறான். அங்கே ஒரு பெண் டொக்டர் சோதித்துப் பார்த்து, அம்மா, உங்கள் குழாய் வெட்டிக் கட்டியிருக்கிறதே, நீங்களே செய்துகொண்டீர்களா என்று கேட்டிருக்கிறார். அவள் திரும்பி வந்து இங்கே, இதே வாசலில் நின்றாள். அன்றைக்குக் கையை நீட்டவில்லை. "மிஸ்ஸி, யாரோ தெரியாம பண்ணிட்டாங்க போல. நீங்கதான கூட இருந்தீங்க, நீங்க பெரிய ஆஸ்பத்திரியில சொல்லி விசாரிக்கணும்" என்றாள். என்னை நம்பித்தான் வந்தாள். நான் விசாரிக்கிறேன் என்றேன்.

அவள் போன பிறகு சின்னம்மா அழுதாள். "ஒரே பிள்ளை பெத்தவளுக்கு இப்புடியா" என்று சொன்னாள். ஒரே பிள்ளையா, நாலாம் காம்பராவில் முன்பே இரண்டு இருந்ததே என்றேன். அப்போதுதான் விஷயம் தெரிந்தது. அந்த வைகாசி மழையில் நாலாம் காம்பராவின் பின்சுவர் வெடித்திருக்கிறது. ஏழுமலைக்கு ராத்திரியில் வலிப்பு வந்து, அந்த நேரம் மண்ணும் சரிந்தால் தூக்கிக்கொண்டு ஓட முடியாது என்று, ஏழாம் காம்பராவில் இருந்த சதீஸும் அவன் பெண்சாதியும் தாங்களாகவே இடம் மாறிக்கொண்டார்களாம். வெடித்த காம்பராவுக்கு இவர்கள் வந்து, நல்ல காம்பராவை வலிப்புக்காரன் குடும்பத்துக்குக் கொடுத்திருக்கிறார்கள். நிறைமாத வயிற்றோடு அவள்தான் முதலில் சொன்னாளாம், எங்களுக்கு ஓட முடியும், அண்ணனுக்கு முடியாது என்று. சின்னம்மா இன்னும் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தாள். ஆயாக்களின் பேச்சைக் கடைசி வரைக்கும் கேட்கிற பழக்கம் எனக்கு இல்லை.

அன்றைக்கு எனக்குச் சோறு இறங்கவில்லை. என்னை நீங்கள் கல்நெஞ்சுக்காரி என்று நினைக்கக் கூடாது. ஒரு நல்ல குடும்பம், ஆரோக்கியமான பெண், குடியில்லாத புருஷன், முதல் பரிசு வாங்க வேண்டிய பிள்ளை. அந்த வயிற்றைப் போய் நிறுத்திவிட்டேன். கல்லென்று நினைத்து நல்ல அரிசியை எடுத்து எறிந்துவிட்டேன். என் இத்தனை வருட வேலையில் நான் செய்த ஒரே தவறு இதுதான். அதை ஒத்துக்கொள்ள வேண்டும் என்று எனக்கே தோன்றியது. யாரும் என்னை வற்புறுத்தவில்லை, இதை எழுதிக்கொள்ளுங்கள்.

அடுத்த நாள் பின்னேரம் குடையைப் பிடித்துக்கொண்டு ஆத்து லயத்துக்கு இறங்கிப் போனேன். வேலைக்கு வந்த நாளிலிருந்து நான் அங்கே போனது அதுதான் முதல் தடவை. தூறல், கரண்ட் இல்லை. நாலாம் காம்பராக் கதவைத் தட்டினேன். தலையில் துண்டு கட்டிய ஒருத்தி வந்து நின்றாள், நகத்தில் பால்கறை. சேலையைப் பிடித்துக்கொண்டு ஒரு சின்னப் பெண் பிள்ளை நின்றது, பக்கத்து வீட்டுப் பிள்ளையாக இருக்கும் என்று நினைத்தேன். "உள்ள வாங்க மிஸ்ஸி" என்றாள். நான் வாசலிலேயே நின்று சொன்னேன், சொல்ல வேண்டியதை வரும் வழியிலேயே யோசித்து வைத்திருந்தேன்.

"இங்க பாரும்மா, ஒனக்கு இனிப் பிள்ள பொறக்காது. ஒபரேஷன் அன்னைக்கு நிப்பாட்டச் சொன்னது நான்தான். ஒன் மேல எனக்கு ஒரு கோபமும் இல்ல. ஒங்க குடும்பம் நல்ல குடும்பம்னு அப்ப எனக்குத் தெரியாது. அது அந்த வலிப்புக்காரன் பொஞ்சாதிக்குச் செய்ய வேண்டியது. ஆள் மாறிப்போச்சு. மன்னிச்சிரு."

நன்றாகச் சொன்னேன் என்றுதான் நினைக்கிறேன். உள்ளே ஒரு பிள்ளைக்குச் சோறு ஊட்டிக்கொண்டிருந்த ஆணின் குரல் நின்றுபோனது. அவள் சேலையைப் பிடித்திருந்த பிள்ளையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள். பிறகு மெதுவாகச் சொன்னாள்.

"கோகிலா ஏழாங் காம்பராங்க. செவுரு கட்டுனதும் அவங்க திரும்பிப் போயிட்டாங்க. வலிப்புக்காரன் பொஞ்சாதி நான்தான். ஷாமிளா."

சின்னம்மா சொல்லிக்கொண்டிருந்ததும் அதுவாகத்தான் இருக்கும்.

என்னத்தைச் சொல்ல. ஷாமிளா மழையில் இறங்கி ஏழாம் காம்பராவுக்குப் போனாள். கத்தவில்லை, அழவில்லை, கதவருகே நின்று நான் சொன்னதை ஒரு வார்த்தை விடாமல் அப்படியே சொன்னாள். கோகிலா வெளியே வந்தாள். பின்னால் சதீஸ் வந்து கூரைக் கம்பைப் பிடித்துக்கொண்டு நின்றான். மற்றக் கதவுகளும் ஒவ்வொன்றாகத் திறந்தன. யாரும் என்னை அடிக்கவில்லை, வையவில்லை. அப்படி ஏதாவது செய்திருக்கலாம் என்று இப்போது தோன்றுகிறது. கோகிலா என் குடைக்கு நேராக வந்து நின்றாள்.

"மூனு வருஷமா ஒங்க மாத்திரையத் தின்னேன் மிஸ்ஸி. என் பேரு தெரியுமா ஒங்களுக்கு?"

தெரியும் என்றேன். அவள் காத்துக்கொண்டு நின்றாள். இரண்டு நிமிடம் முன்னேதான் ஷாமிளா சொல்லியிருந்தாள், இருந்தாலும் அந்த நேரம் பார்த்து ஞாபகத்துக்கு வரவில்லை. மழை கொஞ்சம் பலத்தது. நான் திரும்பி ஏறி வந்துவிட்டேன். அடுத்த வாரம் நீங்கள் வந்துவிட்டீர்கள்.

மற்றவர்கள் எத்தனை பேர் என்று மூன்றாவது தடவையாகக் கேட்கிறீர்கள். மற்றவர்களிடமிருந்து முறைப்பாடு ஏதும் வந்திருக்கிறதா, சொல்லுங்கள். வரவில்லை. வராது, ஏனென்றால் அவர்களில் ஆள் மாறவில்லை. தொட்டில்கள் ஏன் இத்தனை காலியாகக் கிடக்கின்றன என்று வந்ததும் கேட்டீர்களே, அதுதான் பதில். குடும்பத் திட்டத்தில் சிறந்த தோட்டம் என்று கேடயம் வாங்கினோம், ஒபிஸில் இருக்கிறது, போகும்போது பாருங்கள். இப்போது பால் வெட்ட ஆளில்லை என்று துரை தலையில் கையை வைத்துக்கொண்டிருக்கிறார். அதற்கு நான் என்ன செய்ய முடியும். தரத்தையும் கேட்டு எண்ணிக்கையையும் கேட்டால் எப்படி.

ஆகவே எழுதிக்கொள்ளுங்கள். கோகிலா விஷயத்தில் நான் குற்றவாளிதான். டொக்டருக்கு அதில் பங்கில்லை, என் வாயை நம்பினார். கோகிலாவுக்கு வேண்டுமானால் ஒரு பிள்ளையைத் தத்தெடுத்துக் கொடுக்க நானே ஓடியாடி உதவுகிறேன், நல்ல குடும்பத்துப் பிள்ளையாகப் பார்த்து. பெயரைச் சரியாக எழுதியிருக்கிறீர்களா, கோகிலா. இனி எனக்கு மறக்காது.

ஒரே ஒரு விண்ணப்பம்தான். விசாரணை முடிகிற வரைக்கும் என்னை வேலையிலிருந்து நிறுத்தப் போவதாகப் பேசிக்கொள்கிறார்கள். கொஞ்சம் தள்ளிப் போடச் சொல்லுங்கள். அந்த நாலாம் காம்பரா ஷாமிளா பிள்ளையைத் தூக்கி இடுப்பில் வைத்தபோது கவனித்தேன், அவளுக்கு வயிறு தெரிகிறது, பிரசவம் அடுத்த மாதம் இருக்கும். ஆஸ்பத்திரிக்குக் கூடப் போக என்னை விட்டால் வேறு ஆளில்லை. இந்தத் தடவை நான் முகத்தை நன்றாகப் பார்த்து வைத்திருக்கிறேன் ஐயா. ஆள் மாறாது.